மூத்தவள் கை விதை

அபோண்டி ஒரு பிடி மண்ணை அள்ளி இறுக்கி, முகர்ந்து பார்த்துவிட்டுக் கீழே போட்டாள். மழை தொடங்கிய பதினொரு நாளாகக் காலையில் இதுதான் முதல் வேலை. பிறகு மண்வெட்டியைத் தோளில் சாய்த்துக்கொண்டு, ஒரு கொத்துக்கூடக் கொத்தாமல் வீடு திரும்புவாள்.

பக்கத்து வயலில் மக்காச்சோளம் விரல் உயரம் வந்துவிட்டது. "என்னடி சேமே ஊர்க்காரி, மண்வெட்டிக்கு ஊரச் சுத்திக் காட்டுறியா?" என்பாள் அந்த வயல்காரி நியாபோலா.

"வீட்டுக்குள்ளயே கெடந்தா அதுக்கும் சலிச்சுப் போகுமில்ல?"

மூத்த மனைவி விதை போடாமல் இளைய மனைவியான அபோண்டி போடக் கூடாது; அது ஊர் வழக்கம். மூத்தவள் அவினோ ஒரு மாதமாகப் படுத்த படுக்கை. அவள் கண்மூடிவிட்டால் துக்கம் கழியும்வரை அந்த வீட்டில் மண்வெட்டியைத் தொட முடியாது. அதற்குள் மழை ஓய்ந்துவிடும். மொம்பாசாவுக்கு வேலைக்குப் போன கணவன் நான்கு வருடமாக வரவில்லை. மூன்று பிள்ளைகளும் அவித்த மரவள்ளியில் நாளை ஓட்டுகிறார்கள். விதைச் சோளத்தை அபோண்டி தன் மேல்துணியின் முனையில் முடிந்தே வைத்திருக்கிறாள். ஒரு முடிச்சை நம்பமாட்டாள், இரண்டு போடுவாள்.

மிச்சமிருந்த கேழ்வரகு மாவு முழுவதும் மூத்தவளுக்குத்தான் கஞ்சியாகப் போனது. "விதை விழணும்னு மூத்தவ உசிர இவ புடிச்சு வச்சிருக்கா" என்றது ஊர்.

"சொல்றவ வந்து ஒரு நாள் பீத்துணி அலசட்டும்" என்றாள் அபோண்டி. ஆனால் ஊர் சொல்வது பொய்தானா என்று தன்னையே கேட்டுக்கொள்ள அவளுக்குப் பயமாக இருந்தது.

பன்னிரண்டாம் நாள் அவினோவே, "வயலுக்குத் தூக்கிட்டுப் போடி" என்றாள்.

பிள்ளையைக் கட்டுவதுபோல் அபோண்டி அவளை முதுகில் கட்டி, மண்வெட்டியைக் கையில் எடுத்துக்கொண்டு நடந்தாள்.

"கனக்குறேனா?"

"ஒரு கூடை உமி, அக்கா."

வயலில் இறக்கி, மார்போடு சாய்த்துப் பிடித்துக்கொண்டாள். அவினோவின் விரல்கள் ஈர மண்ணை மெல்லக் கீறின. மூன்று விதைகள் குழியில் விழுந்தன; நான்காவதை அபோண்டி அவள் விரல் பிரித்து எடுக்க வேண்டியிருந்தது.

"போட்டாச்சு" என்றாள் அவினோ, மூச்சு வாங்க. "நாளைக்கும் கஞ்சி கொண்டுவருவியாடி?"

மேற்கே மழை இரைந்துகொண்டு வந்தது. மண்வெட்டி கை நீட்டும் தூரத்தில் கிடந்தது. அபோண்டி சேற்றிலேயே உட்கார்ந்து, முடிச்சவிழ்ந்த துணி முனையை எடுத்து, மூத்தவளின் நகங்களிலிருந்த மண்ணை ஒவ்வொரு விரலாகத் துடைக்கத் தொடங்கினாள்.