பாட்டுக்கு எழுந்து போனவர்

கிளிநொச்சியில் குளங்கள் திருத்தும் திட்டமொன்றில் மொழிபெயர்ப்பாளனாக இருந்தேன். டென்மார்க்கிலிருந்து வந்த பெண் பொறியியலாளர் ஒருவர் போகுமிடமெல்லாம் நானும் போவேன். விசுவமடுவில் அவர் தங்கியிருந்த வீட்டுக்கார அக்கா நெல்லும் கச்சான் கடலையும் பயிர் செய்பவர். ஞாயிற்றுக்கிழமை பின்னேரங்களில் மட்டும் தொலைக்காட்சிக்கு முன்னால் இருப்பார்.

சென்னை இயக்குநர் ஒருவரின் படங்கள் என்றால் அக்காவுக்கும் எனக்கும் உயிர். சண்டை, பாட்டு, கண்ணீர் என்று எதையும் அரைமனதோடு செய்யமாட்டார். ஒருநாள் பொறியியலாளரையும் கூட இருத்தி ஒரு படம் பார்த்தோம். கதாநாயகனின் வீடு பறிபோகும் இடத்தில் பாட்டு வந்தது. பொறியியலாளருக்குச் சிரிப்பு வந்துவிட்டது. இந்த நேரத்தில் யாராவது பாடுவார்களா என்று கேட்டார். இது சாதாரண சனத்துக்கு எடுத்த படம், பெரிதாக யோசிக்க வேண்டாம் என்றேன். பொறியியலாளர் எழுந்து முற்றத்துக்குப் போய்விட்டார். நான் அப்படிச் சொன்னது எனக்கே கூச்சமாக இருந்தது.

சில கிழமைகள் கழித்து அதே படம் மீண்டும் போனது. அந்தப் பாட்டுக்கு அக்கா அழுதுகொண்டிருந்தார். ஏன் என்று கேட்டுச் சொல்லும்படி பொறியியலாளர் என்னிடம் சொன்னார். கேட்டேன்.

"எங்கட வீடு போன நேரம் அழக்கூட நேரம் கிடைக்கேல்லை, தம்பி. ஓடினனாங்கள். படம் எடுத்த மனுசன் ஒரு பாட்டு முழுக்க அழ நேரம் தந்திருக்கிறார்."

ஒரு சொல்லும் விடாமல் ஆங்கிலத்தில் சொன்னேன். அடுத்த ஞாயிறு பொறியியலாளர் படத்தை முதலிலிருந்து போடச் சொன்னார். பிறகு அந்த இயக்குநரின் மற்றப் படங்களையும் தேடித் தேடிப் பார்த்தார்.

திட்டம் முடிந்து அவர் ஊருக்குப் போய் நாலைந்து வருடங்களாகிவிட்டன. போன வருடம் எனக்கு எழுதியிருந்தார். அவருடைய நகரத்துச் சிறிய தியேட்டர் ஒன்றில் அந்த இயக்குநரின் படங்களை ஒரு வாரம் காட்டுகிறார்களாம். வெறும் ஆட்டமும் பாட்டும் என்று முன்பு ஒதுக்கியவர்கள் இப்போது அவரைப் பெரிய கலைஞராக மதிக்கிறார்களாம். முதல் நாள் காட்டும் அந்த வீடு பறிபோகும் படத்துக்கு முன் தன்னைப் பேசக் கேட்டிருக்கிறார்கள், அக்கா சொன்னதை அங்கே சொல்லலாமா என்று கேட்டிருந்தார்.

மோட்டார் சைக்கிளில் விசுவமடுவுக்குப் போனேன். முற்றத்தில் கச்சான் காயவைத்துக்கொண்டிருந்த அக்கா தாராளமாகச் சொல்லட்டும் என்றார்.

படம் காட்டிய மறுநாள் பொறியியலாளர் அழைத்தார். தியேட்டர் நிறைந்திருந்ததாம். பாட்டு வந்தபோது ஒருவரும் சிரிக்கவில்லையாம். அக்காவிடம் போய்ச் சொன்னேன். எங்கள் இயக்குநருக்குக் கிடைத்த மரியாதையில் எனக்கு நெஞ்சு நிறைந்திருந்தது. அக்காவுக்கோ வேறு யோசனை.

"தமிழ் தெரியாமல் அவைக்குப் பாட்டு எப்பிடி விளங்கினது?"

கீழே அவர்களுடைய மொழியில் எழுத்து ஓடும் என்றேன்.

"வாசிக்கிறதிலயே நிண்டால் அந்த வீடு போன பிள்ளையின்ர முகத்தை எப்பிடிப் பாக்கிறது? இன்னொருக்காப் பாக்கச் சொல்லுங்கோ" என்றார்.