அண்ணன் உப்பைத் தொடவில்லை

எங்கள் அண்ணன் கோவளத்துக்குப் பக்கத்தில் ஒரு மீனவக் குப்பத்தில் மூத்த பிள்ளையாகப் பிறந்தார். அப்பா கடலோடு போனபோது அவருக்குப் பதினாறு வயது, எனக்கு ஆறு. படிப்பை விட்டுவிட்டுத் தாம்பரம் மார்க்கெட்டில் மீன் கூடையோடு உட்கார்ந்தவர், முப்பத்தைந்து வருடம் அங்கிருந்து நகரவில்லை. என்னை ஐடிஐ படிக்க வைத்து எலக்ட்ரீஷியன் ஆக்கியதும், பீர்க்கன்கரணையில் இந்த வீட்டை எழுப்பியதும் அந்தக் கூடைதான். இதெல்லாம் உங்களுக்குத் தெரியும். தெரியாத ஒன்றைச் சொல்லத்தான் இந்த நினைவு மலரில் இந்தப் பக்கத்தை எடுத்துக்கொண்டேன்.

போன வருடம் அவர் உடலைத் தூக்குவதற்கு முன்பே, வாசலில் நெருங்கிய உறவினர் ஒருவர் சொன்னது என் காதில் விழுந்தது.

"வாயக் கட்டிகினு இருந்தா இன்னும் பத்து வருசம் இருந்திருப்பாரு. கருவாடு இல்லாம சோறு எறங்காதே அவருக்கு."

நான் கொள்ளி வைக்கப் போய்விட்டேன். ஒரு வருடமாக அந்தப் பேச்சு தொண்டையில் மீன்முள்ளாக நிற்கிறது.

நடந்தது இதுதான். இதயம் பலவீனமாகிக் கால் வீங்கியபோது, டாக்டர் உப்பை அறவே விடச் சொன்னார். அண்ணி அதற்கு முன்பே காலமாகிவிட்டார். அவர்களுக்குப் பிள்ளை இல்லை. என் மனைவி உப்பில்லாமல் சமைத்துப் போட்டாள். மூன்றாம் நாளே அண்ணன் தட்டைத் தள்ளிவிட்டார். மேலே தூவிக்கொடுக்கலாம் என்று கடை மசாலாப் பாக்கெட்டுகளைத் திருப்பிப் படித்தேன். எல்லாவற்றிலும் உப்பு. சரி, நானே அரைக்கிறேன் என்று இறங்கினேன். வயரிங் தெரிந்தவனுக்கு வறுக்கத் தெரியாதா என்ற திமிர்.

முதல் தடவை பூண்டு கருகிவிட்டது. அண்ணன் ஒரு சிட்டிகையை நாக்கில் வைத்துவிட்டு, "இன்னாடா இது, செங்கல்ல இடிச்சியா?" என்றார். அடுத்த தடவை புளிப்புக்கு எலுமிச்சைத் தோலைக் காயவைத்துச் சேர்த்தேன். உள்பக்க வெள்ளையைச் சுரண்டாததால் ஒரே கசப்பு. தனியா, மிளகு, சீரகம் மூன்றையும் ஒன்றாகப் போட்டால் சீரகம் தீய்ந்துவிடும், தனித்தனியாக வறுக்க வேண்டும் என்பது எனக்குப் புரியவே ஒரு மாதம் ஆனது. கறிவேப்பிலையை நிழலில் காயவைத்தேன். எள் சேர்த்தேன். அப்போதும் குறைதான். "பேஜார் பண்றாரு" என்று மனைவியிடம் கத்தியிருக்கிறேன். அது அண்ணன் காதிலும் விழுந்திருக்கும்.

ஒரு நாள் ஆத்திரத்தில், யாருக்கும் தெரியாமல் பொடியில் ஒரு ஸ்பூன் உப்பைக் கலந்துவிட்டேன். இப்போதாவது நன்றாக இருக்கிறது என்று சொல்லட்டுமே என்ற நினைப்பு. முதல் வாயிலேயே அண்ணன் சோற்றைக் கையில் துப்பினார்.

"உப்பு போட்டியா?"

"கொஞ்சம்தான்ணே."

"நான் திட்டிகினே துன்றேன், அது வேற. உன்னாண்ட உப்பு கேட்டனா? உம் பொண்ணு கல்யாணத்தப் பாக்கணும்டா எனக்கு."

அந்தப் பாட்டில் பொடியை அவரே குப்பையில் கொட்டினார். அன்று முதல் நான் வறுக்கும்போதெல்லாம் அடுப்புப் பக்கத்தில் நாற்காலி போட்டு உட்கார்ந்துகொண்டார். எனக்குக் காவல்.

இப்படி மூன்று வருடம், குறை சொல்லிக்கொண்டே, ஒரு கல் உப்பும் தொடாமல் சாப்பிட்டார். திருட்டுத்தனமாகத் தின்றிருப்பார் என்று பேசுகிறவர்களுக்குச் சொல்கிறேன், இந்த வீட்டில் திருட்டுத்தனம் செய்தவன் நான் ஒருவன்தான். என் மகளுக்கு மாப்பிள்ளை பார்க்க ஆரம்பித்த வாரத்தில் அண்ணன் போய்விட்டார். அதுதான் எனக்கு ஆறவே மாட்டேன் என்கிறது.

கடைசி நாட்களில் ஆஸ்பத்திரிக்கு ஆட்டோ ஓட்டிய எதிர்வீட்டுக்காரருக்கும், கடையை மூடிவிட்டு வந்து நின்ற மார்க்கெட் அண்ணன்மார்களுக்கும், அக்காமார்களுக்கும், முகம் சுளிக்காமல் மூன்று வருடம் இரண்டு சமையல் செய்த என் மனைவிக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி.

இன்றைய முதலாண்டு நினைவுச் சாப்பாட்டில் உங்கள் இலையில் உப்பு வைக்கும் இடத்தில் அந்தப் பொடி இருக்கும். குழம்பிலும் கூட்டிலும் உப்பு கிடையாது. கேட்டாலும் பரிமாறுகிறவர்கள் தர மாட்டார்கள், சொல்லி வைத்திருக்கிறேன். ஒரே ஒரு வேளைதான். இலையில் மிச்சம் வைக்காமல் சாப்பிடுங்கள். அதற்கு அப்புறமும் எங்கள் அண்ணன் வாயைக் கட்டவில்லை என்று யாருக்காவது தோன்றினால், கை கழுவிவிட்டு என்னிடம் வந்து சொல்லுங்கள்.