கமிஷன் ஆள்

அந்தக் கூட்டுறவு வங்கியில் அவரை யாரும் பெயர் சொல்லிக் கூப்பிட்டதில்லை. உரைகல் என்றால்தான் தெரியும். அடகுக்கு வரும் நகையைக் கறுப்புக் கல்லில் தேய்த்து, ஒரு சொட்டு அமிலம் விட்டு, தங்கமா தகரமா என்று சொல்வது அவர் வேலை. காசாளருக்கு, கணக்கருக்கு, ஏன், காவலாளிக்குக்கூட மாதச் சம்பளம். இவருக்கு மட்டும் கடனுக்கு இவ்வளவு என்று கமிஷன். கடன் கேட்டு ஆள் வராத மாதங்களில் அவர் வீட்டு அடுப்பு தயங்கித் தயங்கித்தான் எரியும்.

தானும் சம்பளக்காரன் ஆகவேண்டும். வாழ்க்கையில் அவர் ஆசைப்பட்டது அவ்வளவுதான்.

ஊதிய உயர்வு கேட்டு ஊழியர்கள் வேலைநிறுத்தம் அறிவித்ததும், தொழிற்சங்கச் செயலாளர் நேரே அவர் வீட்டுக்கு வந்தார். வங்கியின் காசாளர் அவர். உரைகல்லின் மனைவிக்குக் கூடப் பிறந்த அண்ணனும்கூட.

"மாப்பிள்ளே, நீங்க கல்லைத் தூக்கிட்டு வெளியே வந்துட்டா நகைக்கடன் நின்னுடும். அப்புறம் பேங்க் தலைவர் தன்னால இறங்கி வருவாரு."

"வர்றேன் மச்சான். என்னையும் சம்பளத்துல சேர்ப்பாங்களா?"

"உங்களைச் சேர்க்காத ஒப்பந்தத்துல நான் கையெழுத்துப் போடுவேனா? என் தங்கச்சி சோத்துல நானே மண்ணை அள்ளிப் போடுவேனா?"

சமையலறை வாசலில் நின்ற தங்கைக்குக் கண் கலங்கியது. கல்யாணத்தில் அண்ணன் போட்ட கனத்த வளையலை முந்தானையால் ஒருமுறை துடைத்துக்கொண்டாள்.

அண்ணன் சொன்னபடியே நடந்தது. எழுத்தர்கள் இல்லாமல் மேலாளர் எப்படியோ ஒப்பேற்றிவிட்டார். கல் இல்லாமல் முடியவில்லை. நகையோடு வந்தவர்கள் எதிர்ச் சாரி அடகுக்கடைக்குப் போனார்கள். நிர்வாகம் தொழிலாளர் அலுவலகத்துக்குப் பேச வந்தது.

உரைகல் வெளியே பெஞ்சில் காத்திருந்தார். கதவு பாதி திறந்திருந்தது.

"கேட்ட உயர்வை அப்படியே தர்றேன்," என்றார் வங்கித் தலைவர். "கமிஷன் ஆளை மட்டும் இதுல இழுக்காதீங்க."

தொழிலாளர் அலுவலர் செயலாளரைப் பார்த்தார். "நகை மதிப்பீட்டாளர் உங்க ஊழியர்தானா?"

மின்விசிறி கிறீச்சிட்டது. மச்சான் தொண்டையைச் செருமினார்.

"இல்லீங்க. கமிஷன் ஆள்தான்."

ஒப்பந்தத்தில் ஒரு நல்ல விதியும் இருந்தது. வேலைநிறுத்தம் செய்த எந்த ஊழியர் மீதும் நடவடிக்கை கிடையாது. உரைகல்தான் ஊழியரே இல்லையே. ஆகவே அவர் செய்தது வேலைநிறுத்தமும் இல்லை. சொல்லாமல் கொள்ளாமல் நின்றுவிட்ட குற்றம். ஊழியர்கள் வேலைக்குத் திரும்பிய அன்றே அவர் நாற்காலியில் தலைவரின் சொந்தக்காரர் ஒருவர் உட்கார்ந்தார்.

அன்று மாலை அண்ணன் இனிப்புப் பெட்டியோடு வந்தார்.

"அத்தனை குடும்பம் மாப்பிள்ளே. ஒருத்தருக்காக எப்படி..." பெட்டியை வைத்துவிட்டுத் தலையைச் சொறிந்தார். "இன்னொண்ணு. புது ஆள்கிட்ட நல்ல கல்லு இல்ல. கூட்டம் முட்டுது. உங்களுதைக் கொஞ்சம் குடுத்தீங்கன்னா..."

உரைகல் கல்லைத் துணியில் சுற்றினார். மனைவி அதைப் பிடுங்கிக்கொண்டாள்.

"நானே கொண்டு வர்றேன்ணே. வீட்டுல அரிசி இல்ல. அடகு வைக்க எப்படியும் அங்கதான் வரணும்."

மறுநாள் கல்லோடு வளையலையும் புதியவர் முன்னால் வைத்தாள். உள்ளே போகக் கால் வராமல் உரைகல் வாசலிலேயே நின்றுவிட்டார்.

புதியவர் வளையலைத் திருப்பிப் பார்த்தார். "உள்பக்கம் ஏற்கெனவே யாரோ கீறிப் பார்த்திருக்காங்களே." அதே கீறலில் இன்னும் கொஞ்சம் அரம் போட்டுக் கல்லில் தேய்த்து, அமிலம் விட்டார். கோடு பச்சையாக நுரைத்தது. "மேலாப்புலதாம்மா தங்கம். உள்ளே செம்பு."

வரிசையில் நின்றவர்கள் சிரித்தார்கள். காசாளர் கூண்டுக்குள் இருந்த அண்ணன் நிமிரவே இல்லை.

அவள் வாசலுக்கு வந்தாள்.

"கீறினது நீங்கதானே?"

"கல்யாணத்துக்கு மறுநாள். உன் மனசு நோகுமேன்னு சொல்லல."

"அப்ப அவன் யாருன்னு தெரிஞ்சேதான் என் பிழைப்பை அவன் கையில குடுத்தீங்க."

வளையலை அவர் உள்ளங்கையில் வைத்துவிட்டுத் தனியே நடந்தாள். அவர் கூப்பிட்டும் திரும்பவில்லை.

கண்ணாடிக் கதவுக்கு அந்தப் பக்கம், புதியவர் அவருடைய கல்லில் யாருடைய சங்கிலியையோ தேய்த்துக்கொண்டிருந்தார்.

"உரைகல், ஓரமா நில்லுங்க," என்றார் சம்பளம் உயர்ந்த காவலாளி. "வர்றவங்களுக்கு வழி விடுங்க."