பாதியில் விட்ட மாவு

கன்னிவாடியிலிருந்து திண்டுக்கல் ரோட்டில் நடந்துகொண்டிருந்தேன். வேலை பார்த்த பரோட்டாக் கடையில் நான் படுக்கும் இடத்தில் விறகை அடுக்கிவிட்டார்கள். எங்கே படுப்பது என்று கேட்டேன். விறகு மேலே என்றார் முதலாளி. சிரிக்காமல் சொன்னதால் பையை எடுத்துக்கொண்டு கிளம்பினேன்.

பின்னால் காலியாக வந்த ஒரு ஆட்டோ நின்றது.

"எங்க அப்பு, நடந்தே போற?"

"டவுனுக்குண்ணே. வேலை தேடி."

"என்ன தெரியும்?"

"மாவு பெசைவேன். பரோட்டாக் கடையிலருந்துதான் வாரேன்."

மேலும் கீழும் பார்த்தார். "ஏறு."

வழியில் விஷயத்தைச் சொன்னார். வீடு நாகல் நகரில். மனைவி வீட்டிலேயே கேக் செய்து விற்கிறார். படியில் வழுக்கி வலது கையில் மாவுக்கட்டு. அன்று சாயங்காலம் ஒரு பள்ளிக்கூடத்தில் ஓய்வு பெறுகிற டீச்சருக்கு விருந்து, ஸ்கோன் கேட்டிருந்தார்கள்.

"ஓவன் வாங்குனதுலருந்து கரண்டு பில்லுதான் வருது. இந்த ஆர்டரும் ஊத்திக்கிச்சுன்னா வித்துருவேன். பஸ் ஸ்டாண்டுப் பக்கம் பரோட்டாக் கடைக்காரரு ஒருத்தரு, பன்னும் போடணும்னு கேட்டுக்கிட்டே இருக்காரு. வித்தா நாளைக்குக் காலைல கொண்டாரேன்னு சொல்லிருக்கேன்."

வீட்டில் மாதா படத்துக்குக் கீழே ஓவன் இருந்தது. பூவேலை செய்த துணி போர்த்தியிருந்தார்கள். அந்த அக்கா கட்டுப் போட்ட கையைக் கழுத்தில் தொங்கவிட்டபடி நின்றார்.

"ஸ்கோன்னா என்னக்கா?"

"பன்னுக்கும் பிஸ்கட்டுக்கும் நடுவுல ஒண்ணு. வெண்ணெயப் போட்டு, புட்டு மாவு பெசர்ற மாதிரி நுனி விரலால பெசறு. பால ஊத்துனதும் ஒண்ணாச் சேத்தாப் போதும்."

பிசறினேன். பள்ளிக்கூடத்திலிருந்து போன் வந்தது. அக்கா பேசிக்கொண்டே வாசலுக்குப் போனார். நான் பாலை ஊற்றினேன். அதன் பிறகு கைகள் தெரிந்ததைச் செய்தன. அழுத்தினேன், மடித்தேன், பலகையில் அறைந்தேன். அவர் ஓடி வருவதற்குள் மாவு ரப்பர்போல் இழுபட்டது. எனக்குப் பெருமையாகக்கூட இருந்தது.

"அடப்பாவி, கொன்னுட்டியே!"

வெந்தும் எழும்பவில்லை. ஆட்டோக்கார அண்ணன் ஒன்றை எடுத்து வாசற்படியில் தட்டினார். இரண்டுக்கும் ஒன்றும் ஆகவில்லை. "செங்கலுக்கு ஆர்டர் வந்தாச் சொல்லு" என்றுவிட்டு, ஓவன் காலையில் வந்துவிடும் என்று கடைக்காரருக்குப் போன் செய்தார்.

அக்கா மாவு டப்பாவைத் திறந்து பார்த்தார். இன்னும் ஒரு தடவைக்கு மாவு இருந்தது. இடது கையாலேயே சலித்தார். வெயிலில் இளகிய வெண்ணெயை ஃப்ரீசரில் வைத்து இறுகவிட்டார்.

"ஏலே, நான் விடுன்னா விட்டுரணும். பாதியில இருந்தாலும் சரி."

பாதியில் விடுவது எனக்குப் பழகிய வேலைதான். ஏழாம் வகுப்பை விட்டேன். ஆத்தூரில் தென்னந்தோப்புக் காவலை விட்டேன். லாரி கிளீனர் வேலை, ஒரு கல்யாணப் பேச்சு, எல்லாம் அப்படித்தான். மாவை மட்டும் விட்டதில்லை. பரோட்டா மாஸ்டர்கள் விட மாட்டார்கள். விட்டால் கரண்டி பறந்து வரும்.

"விடு."

மாவு ஒட்டியும் ஒட்டாமலும் திட்டுத்திட்டாகக் கிடந்தது.

"இன்னும் சேரலையேக்கா."

"விடுங்கிறேன்ல."

விட்டேன். கையை எங்கே வைப்பது என்று தெரியாமல் பின்னால் கட்டிக்கொண்டேன். அக்கா மாவை லேசாகத் தட்டிப் பரப்பி, டம்ளர் வாயால் வட்டமாக வெட்டினார்.

ஓவன் கண்ணாடி முன்னால் மூன்று பேரும் குந்தியிருந்தோம். விற்கப்போகிறவரும்தான். செத்த நேரத்தில் ஸ்கோன்கள் எழும்பிப் பக்கவாட்டில் பிளந்தன.

"வெடிச்சிருச்சே" என்றார் அண்ணன்.

"வெடிக்கணும்" என்றார் அக்கா. அன்றைக்கு அவர் முகம் தெளிந்தது அப்போதுதான்.

விருந்தில் ஒன்றும் மிஞ்சவில்லை. ஞாயிற்றுக்கிழமைக்கும் வேண்டும் என்று அந்தப் பள்ளிக்கூடத்து சிஸ்டர் ஒருவர் போன் செய்தார். அண்ணன் அதைக் கேட்டபடியே முதலில் சுட்ட செங்கல் ஒன்றை டீயில் முக்கித் தின்றுகொண்டிருந்தார்.

"ஓவன் இங்கனயே கெடக்கட்டும்" என்றார்.

அக்கா என்னிடம், "ஞாயித்துக்கெழம வந்துரு. பாதி வேலைதான்" என்றார்.

எனக்கும் சாப்பாடு அந்தச் செங்கல்தான். ஊறினால் தின்னலாம். ஆட்டோவிலேயே படுத்துக்கொண்டேன்.

மறுநாள் காலையில் அண்ணன் என்னை பஸ் ஸ்டாண்டுப் பக்கம் அந்தக் கடைக்குக் கூட்டிப் போனார். கடைக்காரர் ஆட்டோவுக்குள் எட்டிப் பார்த்தார்.

"எங்கய்யா ஓவன்?"

"ஓவன் இல்ல. இந்தா, ஆளு இருக்கான். அடிச்சுப் பெசைவான்."

கடைக்காரர் என் கையைப் பார்த்தார். பிறகு மைதா மூட்டையைக் காட்டினார். பிசைய ஆரம்பித்தேன். அங்கே யாரும் விடு என்று சொல்லவில்லை.