கடிக்க மாட்டோம், கதவத் தட்டு

ஞானஒளிவுபுரம் லூர்துராஜ் சாருக்குப் பதினாறு வயதுப் பிள்ளைகளைக் கண்டால் பயம். வயது ஐம்பத்து மூன்று. மிஷன் பள்ளியில் இருபத்தேழு வருடமாக மேல்நிலை வகுப்புக்குத் தாவரவியல் எடுக்கிறார். அந்த வயதுப் பிள்ளைகள்தான் அவருக்குச் சோறு போடுகிறார்கள் என்பதால் இதை வெளியே சொல்லவும் முடியாது. மீன் விற்கிறவன் மீன் வாடை ஆகாது என்று சொன்னால் ஊர் சிரிக்காதா?

பிறவியிலேயே அவர் அப்படி இல்லை. ஒரு காலத்தில் அவர் வராந்தாவில் நடந்து வந்தால் மூன்று வகுப்புகள் தாமாக அடங்கும். அடிக்க மாட்டார், ஆனால் வாய் உண்டு. அந்த வாய்தான் மூன்று வருடத்துக்கு முன்னால் அவரைக் கொண்டுபோய்க் குழியில் தள்ளியது.

விடுதியில் தங்கிப் படித்த முத்துக்குமரன் என்ற பையன், ரெக்கார்டு நோட்டில் அடுத்தவன் வரைந்த படத்தின் மேல் தாளை வைத்து அப்படியே ஒற்றி எடுத்திருந்தான். சார் நோட்டைத் தூக்கிக் காட்டி, அறுபது பேர் முன்னால், “நீயெல்லாம் மாடு மேய்க்கத்தான் லாயக்கு” என்றார். வாத்தியார்கள் வாயில் ஊறிப்போன வசனம் அது. சொல்லும்போது அவர் மாட்டையும் நினைக்கவில்லை, மேய்க்கிறவனையும் நினைக்கவில்லை. அன்று சாயங்காலம் பையன் விடுதிக்குத் திரும்பவில்லை.

மறுநாள் விடிந்ததும் பையனின் அப்பா சிவனாண்டி உசிலம்பட்டிப் பக்கத்திலிருந்து முதல் பஸ்ஸில் வந்து இறங்கினார். நான்கு மாடும் கொஞ்சம் மானாவாரி நிலமும் உள்ள ஆள். அவர் கத்தவில்லை, யார் சட்டையையும் பிடிக்கவில்லை. பள்ளிக் கேட்டுக்கு வெளியே துண்டை விரித்து உட்கார்ந்தார். லூர்துராஜ் கேட்டைத் தாண்டும்போதெல்லாம் எழுந்து நின்று கும்பிட்டார். இப்படியே மூன்று நாள் போனது. அந்த மூன்று நாளும் சார் சாப்பிட்டதாக அவர் மனைவி தெரசாவுக்கு நினைவில்லை.

மூன்றாம் நாள் மதியம் திருப்பூரிலிருந்து போன் வந்தது. பையன் தாய்மாமனோடு பனியன் கம்பெனியில் இருந்தான். இனி படிக்க வர மாட்டேன் என்று சொல்லிவிட்டான். சிவனாண்டி விடைபெற்றுக்கொள்ள ஆசிரியர் அறைக்கு வந்தார்.

“பய கெடச்சிட்டான் சார். நான் போயிட்டு வாரேன்” என்றார். போகாமல் கொஞ்சம் நின்றார். “ஒன்னு கேக்கலாமா சார்? மாடு மேய்க்கிறது அம்புட்டுக் கேவலமா?”

அந்தக் குரலில் துளி கோபம் இல்லை. தெரிந்துகொள்ளத்தான் கேட்டார். பதிலுக்காகக் கொஞ்ச நேரம் காத்திருந்துவிட்டுச் சிவனாண்டி பஸ் ஏறப் போய்விட்டார்.

அதற்குப் பிறகு லூர்துராஜ் சார் யாரையும் திட்டவில்லை. திட்டவில்லை என்றால் பக்குவம் வந்துவிட்டது என்று அர்த்தமில்லை. உள்ளே ஏதோ மரத்துப்போய்விட்டது, அவ்வளவுதான். வகுப்பில் பிள்ளைகளின் முகத்தைப் பார்க்காமல் பின்சுவரைப் பார்த்துப் பாடம் நடத்தினார். பேசிக்கொண்டிருந்தால் பேசட்டும், தூங்கினால் தூங்கட்டும். யார் எந்தத் தாளை நீட்டினாலும் வாங்கிக் கையெழுத்துப் போட்டார். தாளைப் படித்தால் கேள்வி கேட்க வேண்டிவரும், கேட்டால் பேச்சு வளரும். போட்டுக் கொடுத்துவிட்டால் பிள்ளை உடனே எதிரிலிருந்து போய்விடும். பிள்ளைகளுக்கு இது ஒரு வாரத்தில் பிடிபட்டுவிட்டது. அவருக்கு ‘ரப்பர் ஸ்டாம்ப்’ என்று பெயர் வைத்தார்கள். பெயர் அவர் காதுக்கும் வந்தது. அதைக் கேட்டும் அவருக்கு ஒன்றும் ஆகவில்லை.

பள்ளியோடு போயிருந்தால் பரவாயில்லை. அவருடைய ஒரே மகள் ஜெனி அதே பள்ளியில்தான் படித்தாள். அவளுக்குப் பதினைந்து தாண்டி, அறைக் கதவைச் சாத்திக்கொள்ளும் பருவம் வந்ததும் பயம் வீட்டுக்குள்ளும் குடிவந்தது. முன்பெல்லாம் தலையில் குட்டி எழுப்பிய மகளை, இப்போது என்ன சொன்னால் என்ன ஆகுமோ என்று தள்ளி நின்று பார்த்தார். காலையில் காபி போட்டு எடுத்துப்போவது அவர் வேலை. கதவுக்கு வெளியே ஒரு ஸ்டூல் போட்டு, அதன் மேல் டம்ளரை வைத்துவிட்டு, தட்டாமல், கூப்பிடாமல், சத்தமில்லாமல் வந்துவிடுவார். பாதி நாள் அது ஆறி ஆடை கட்டிக் கிடக்கும்.

“உள்ள இருக்கிறது நம்ம பிள்ளதானங்க” என்று தெரசா ஒருமுறை கேட்டாள்.

“தூங்குறா, விடு” என்றார் அவர்.

ஜெனி கோயில் பாடகர் குழுவில் கிதார் வாசிப்பவள். அந்தக் குழுவில் டிரம்ஸ் வாசிக்கும் ஆலனும் இன்னும் இரண்டு பிள்ளைகளும் சேர்ந்து, ஞாயிறு பூசை முடிந்த பிறகு அதே டிரம்ஸை வைத்து வேறு மாதிரிச் சத்தமெல்லாம் எழுப்பிப் பார்த்தார்கள். பங்குச் சாமியார் கண்டுகொள்ளவில்லை. அப்படித்தான் அது ஒரு ராக் இசைக்குழுவாக ஆனது. இந்த வருட ஆண்டு விழாவில் சொந்தமாக எழுதிய பாட்டு ஒன்றைப் பாட அவர்கள் பெயர் கொடுத்தார்கள்.

அந்தப் பள்ளியில் ஒரு வழக்கம் உண்டு. மேடையில் பாடப்போகும் பாட்டை வரிக்கு வரி தாளில் எழுதி, பொறுப்பாசிரியரிடம் காட்டி, அவர் படித்துப் பார்த்துக் கையெழுத்துப் போட்ட பிறகுதான் நிகழ்ச்சிப் பட்டியலில் ஏறும். இரண்டு வருடமாகப் பொறுப்பாசிரியர் லூர்துராஜ்தான். ஆட்சேபம் சொல்லத் தெரியாத ஆள் கிடைத்தால் யார் விடுவார்கள்?

ஜெனியே தாளோடு ஆசிரியர் அறைக்கு வந்தாள். பள்ளியில் அவள் அவரை சார் என்றுதான் கூப்பிடுவாள்.

“பாட்டு, சார்.”

அவர் தாளை வாங்கினார், அடியில் கையெழுத்துப் போட்டார், நீட்டினார். அவள் உடனே வாங்கிக்கொள்ளவில்லை.

“படிக்கலயா சார்?”

“எல்லாம் சரியாத்தான் இருக்கும்” என்றார், அவள் தோளுக்குப் பின்னாலிருந்த காலண்டரைப் பார்த்தபடி.

ஆண்டு விழா வெள்ளிக்கிழமை சாயங்காலம். மைதானம் நிறையப் பெற்றோர்கள். தெரசாவும் வேலை முடிந்து நேராக வந்து அவர் பக்கத்தில் உட்கார்ந்திருந்தாள். ஆலன் டிரம்ஸை அடித்த அடியில் முன்வரிசையில் இருந்த சிறப்பு விருந்தினர் தோளைக் குலுக்கிக்கொண்டார். ஜெனி மைக்கை இழுத்துவைத்துப் பாடினாள்.

*கதவத் தட்டு, கதவத் தட்டு,*
*கடிக்க மாட்டோம், கதவத் தட்டு.*
*ஸ்டூலு மேல காப்பி ஆறுது,*
*வச்ச ஆளு ஓடிப் போயாச்சு.*
*பின்சுவத்துக்குப் பாடம் நடக்குது,*
*முன்ன இருக்கிறவன் காத்துப் போலிருக்கு.*
*பதினாறப் பாத்து அம்பதுக்குப் பயம்,*
*நாங்க என்ன புலியா? நீங்க பெத்ததுதான.*

பிள்ளைகள் பக்கம் ஒரே விசில். பெற்றோர் பக்கம் முதலில் சிரித்தார்கள், அப்புறம் சிரிப்பு அங்கங்கே நின்றுபோனது. தெரசா திரும்பிக் கணவனைப் பார்த்தாள். ஸ்டூல் என்ற சொல் வந்தபோதே லூர்துராஜுக்குப் புரிந்துவிட்டது. பாட்டு முடிந்ததும் எல்லோரும் கை தட்டினார்கள், அவரும் தட்டினார். தன் கை தட்டுவதை யாருடைய கையையோ பார்ப்பதுபோலப் பார்த்தார்.

சனிக்கிழமை காலை தலைமையாசிரியர் ஃபாதர் அவரை வரச்சொன்னார். மேஜை மேல் அந்தத் தாள் இருந்தது. பெரியவர்களைக் கேலி செய்யத்தான் பள்ளி நடத்துகிறீர்களா என்று சிறப்பு விருந்தினர் கேட்டுவிட்டுப் போனாராம்.

“படிச்சிட்டா லூர்து சார் கையெழுத்துப் போட்டீங்க?”

லூர்துராஜ் தாளை எடுத்து, அப்போதுதான், முதல்முறையாக முழுவதும் படித்தார். மகளின் கையெழுத்து இவ்வளவு சின்னதாகிவிட்டது அவருக்குத் தெரியாது.

“படிக்காமப் போட்டேன்னு ஒரு வரி எழுதிக் குடுங்க. ஏமாத்திக் கையெழுத்து வாங்கினதுக்கு மத்த மூணு பிள்ளைகளுக்கும் டி.சி. குடுத்துருவோம். உங்க பொண்ண மட்டும் கண்டிச்சு விட்டுரலாம்” என்றார் ஃபாதர். பேனாவையும் நகர்த்தி வைத்தார்.

மூன்று வருடமாக எந்தத் தாளுக்கும் மறுப்புச் சொல்லாத மனிதர் அந்தப் பேனாவைத் தொடவில்லை. டி.சி. வாங்கிக்கொண்டு எந்தப் பிள்ளை எந்த ஊருக்குப் பஸ் ஏறுமோ என்ற ஒன்றுதான் அவர் மண்டைக்குள் ஓடியது. இதைத் தைரியம் என்று யாராவது சொன்னால் அவரே ஒப்புக்கொள்ள மாட்டார்.

“படிச்சிட்டுத்தான் போட்டேன் ஃபாதர். பாட்டுல தப்பு இல்ல.”

ஃபாதர் பேனாவைத் திரும்ப எடுத்துக்கொண்டார். பிறகு, அப்படியானால் மெமோ உங்களுக்குத்தான் வரும் என்றார். சரி என்று சொல்லிவிட்டு லூர்துராஜ் வண்டியை எடுத்தார்.

வீட்டுக்கு வந்தபோது தெரசா சமையலறையில் இருந்தாள். ஜெனியின் கதவு சாத்தியிருந்தது. வெளியே ஸ்டூல் மேல் காலையில் அவர் வைத்த காபி அப்படியே இருந்தது. லூர்துராஜ் செருப்பைக்கூடக் கழற்றாமல் கதவருகே போய் நின்றார். கை தூக்கினார், இறக்கினார். மறுபடி தூக்கி, விரல் கணுவால் இரண்டு தட்டு தட்டினார். ஜெனி பின்னாலேயே காத்து நின்றதுபோலக் கதவு உடனே திறந்தது.

“ஃபாதர் என்ன சொன்னாருப்பா?”

“உங்களுக்கு ஒன்னும் ஆகாது. படிச்சிட்டுத்தான் கையெழுத்துப் போட்டேன்னு சொல்லிட்டேன்.”

“படிச்சீங்களா?”

“இல்ல.”

“தெரியும்” என்றாள் ஜெனி. வேதியியல் புத்தகத்துக்குள்ளிருந்து நான்காக மடித்த ஒரு தாளை எடுத்தாள். “இதையும் நீங்க படிக்கல. ஆகஸ்ட்ல. ஃப்ரிட்ஜ் மேல வச்சுப் போட்டீங்க. பேனா எழுதலன்னு உதறி உதறிப் போட்டீங்க.”

அது ஒரு விடுப்புக் கடிதம். பெற்றோர் எழுதுவதுபோல மகள் எழுதி, அப்பாவிடம் கையெழுத்து வாங்குவதுதான் எல்லா வீட்டிலும் நடப்பது. அவர் படித்தார்.

*ஐயா, என் மகள் ஜெனி இன்று பள்ளிக்கு வர மாட்டாள். அவள் பஸ் ஏறி எங்கேயாவது போகப் போகிறாள். எப்போது திரும்பி வருவாள் என்று எனக்குத் தெரியாது. விடுப்பு அளிக்குமாறு கேட்டுக்கொள்கிறேன்.*

அடியில், லூ. லூர்துராஜ். பேனா உதறியதில் சிந்திய மைப்புள்ளிகூட இருந்தது. அவர் இரண்டாம் முறையும் படித்தார்.

“போனியா?”

“போனேன். பெரியார் பஸ் ஸ்டாண்டுல ஏறி, திருப்பரங்குன்றத்துல எறங்கிட்டேன். அதுக்கு மேல எங்க போறதுன்னு தெரியல. ஒரு டீக்கடையில பன்னு வாங்கித் தின்னுட்டு, நாலு மணி வரைக்கும் உக்காந்திருந்தேன். அப்பறம் வந்துட்டேன்.”

“ஸ்கூல்ல யாரும் கேக்கலயா?”

“மறுநாள் தலவலின்னு வேற லெட்டர் குடுத்தேன். அதுலயும் உங்க கையெழுத்துத்தான். சார் வீட்டுப் பிள்ளதானன்னு யாரும் ஒன்னும் கேக்கல.” தாளைத் திரும்ப வாங்கிக்கொள்ள அவள் கை நீட்டவில்லை. “அன்னைக்காவது திட்டுவீங்கன்னு நெனச்சேன்ப்பா.”

ஆகஸ்டில் ஒரு நாள் முழுக்க மகள் எங்கே இருந்தாள் என்று தெரியாமல் அவர் பின்சுவரைப் பார்த்து இலைத்துளையைப் பற்றிப் பாடம் எடுத்திருக்கிறார். சிவனாண்டிக்காவது கேட்டுக்கு வெளியே துண்டை விரித்து உட்கார்ந்து காத்திருக்கக் கொடுத்துவைத்தது. இவருக்கு அதுகூட இல்லை. போய்வா என்று கையெழுத்துப் போட்டு அனுப்பியிருக்கிறார்.

வெகுநேரம் மடக்கி உட்கார்ந்து மரத்த காலைத் தரையில் ஊன்றினால் சுருக் சுருக்கென்று குத்தும். அதுபோல ஒன்று அவர் நெஞ்சுக்குள் குத்த ஆரம்பித்தது. வாயைத் திறந்தார். பழைய வசனம்தான் முதலில் நாக்குக்கு வந்தது. அதை விழுங்கினார். வேறு சொற்கள் தேட நேரம் பிடித்தது.

“அறிவிருக்கா ஒனக்கு?” என்றார். குரல் துருப்பிடித்த கேட்டைத் திறந்ததுபோல வந்தது. “யாரக் கேட்டுப் பஸ் ஏறுன? அந்த ரோட்டுல எம்புட்டு வண்டி போகுது. ஒரு போன் பண்ண முடியாதா? நான் இருக்கனா செத்தனா? நான் படிக்கலன்னா என் கையப் பிடிச்சு நிறுத்திப் படிங்கன்னு சொல்ல வேண்டியதுதான? பன்னத் தின்னுட்டு உக்காந்திருந்தாளாம், பன்னு…”

கண்ணிலிருந்து தண்ணீர் இறங்குவது அவருக்குத் தெரியவில்லை. குரல் மட்டும் ஏறிக்கொண்டே போனது. மூன்று வருடமாக அந்த வீட்டில் கேட்காத சத்தம். தெரசா அடுப்பை அணைத்துவிட்டு, ஈரக் கையோடு பதறி ஓடி வந்தாள்.

“என்னங்க, என்ன ஆச்சு?”

ஜெனி அப்பாவின் முகத்திலிருந்து கண்ணை எடுக்காமல், அம்மாவைக் கையால் தடுத்தாள்.

“இரும்மா. அப்பா திட்டிக்கிட்டு இருக்காரு.”

லூர்துராஜ் மூக்கை உறிஞ்சிக்கொண்டு, விட்ட இடத்திலிருந்து மறுபடி ஆரம்பித்தார்.