முகவரி, லைன் ஒன்று

அந்த இணையத்தளத்தைச் செய்தவன் நான். இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இல்லாவிட்டால் பாதி வழியில் என்மேல் யாராவது பரிதாபப்பட்டுவிடக்கூடும்.

பதுளையில் பஸ் நிலையத்துக்குக் கொஞ்சம் மேலே, ஒரு மருந்துக்கடையின் மாடியில் எங்கள் இடம். இரண்டு மேசை, மூன்று கணினி, நானும் என் கூட்டாளியும். கல்யாண மண்டபம், டியூஷன் வகுப்பு, ஹோட்டல் என்று யார் கேட்டாலும் இணையத்தளம் செய்து கொடுப்போம். ஒருநாள் அரசாங்க அலுவலகம் ஒன்றிலிருந்து வேலை வந்தது. உடல் ஊனமுற்றோர், கண் தெரியாதோர், காது கேளாதோருக்கென்று ஒதுக்கப்பட்ட வேலைகளுக்கு அவர்களே வீட்டிலிருந்து விண்ணப்பிக்க ஒரு தளம். மூன்று மொழியிலும் வேண்டும். எல்லோரும் பயன்படுத்தக்கூடியதாக இருக்க வேண்டும் என்று மூன்று பக்கத்துக்குக் குறிப்புகள் வேறு கொடுத்தார்கள். அந்த மூன்று பக்கத்தையும் நான் படிக்கவில்லை. அதன்மேல் தேநீர்க் கோப்பையை வைத்தேன்.

கண் தெரியாதவர்கள் போனைப் பயன்படுத்தும் விதம் எனக்குத் தெரியாமல் இல்லை. விரலைத் திரையில் நகர்த்த நகர்த்த, விரலுக்குக் கீழே இருப்பதை ஒரு குரல் வாசித்துச் சொல்லும். பொத்தானுக்குப் பெயர் வைத்திருந்தால் பெயரைச் சொல்லும். வைக்காவிட்டால் 'பொத்தான், பொத்தான்' என்று கிளிப்பிள்ளைபோலச் சொல்லிக்கொண்டிருக்கும். படமாக இருந்தால் 'படம்' என்று சொல்லிவிட்டுச் சும்மா இருந்துவிடும். இதெல்லாம் எனக்கு எப்படித் தெரியும் என்றால், என் அக்காவுக்குக் கண் தெரியாது.

அக்கா ஸ்பிரிங்வெளி தேயிலைத் தோட்டத்தில் அம்மாவோடு இருக்கிறாள். எட்டு வயதில் வந்த காய்ச்சலில் பார்வை போனது. கண் தெரியாதவர்களுக்கான பள்ளிக்கூடத்தில் தங்கிப் படித்தாள். தமிழும் சிங்களமும் மணிமணியாகப் பேசுவாள். ஒருமுறை கேட்ட குரலை மறக்கமாட்டாள். இத்தனை இருந்தும் முப்பத்துநாலு வயதில் அவள் செய்துகொண்டிருந்தது, கொழுந்து பறிக்கப் போகும் தாய்மார் குழந்தைகளை விட்டுவிட்டுப் போகும் பிள்ளைக்காம்பராவில் தொட்டில் ஆட்டுவதுதான். அதுவும் வேலையாக இல்லை, ஒத்தாசையாக. சின்ன வயதில் அவள் நடந்து வரும் வழியில் தண்ணீர் வாளியை நகர்த்தி வைத்துவிட்டு, அவள் இடறி விழுவதைப் பார்த்துச் சிரித்தவன் நான். நான் மாறிவிட்டதாக நினைத்துக்கொண்டிருந்தேன்.

தளத்தைப் பார்வையிட அலுவலகத்திலிருந்து ஒரு பெண் அதிகாரி வந்தார், மிஸ் என்றுதான் கூப்பிடுவோம். பக்கத்தின் மேலே நான் வைத்திருந்த மூன்று பொத்தான்களை அழுத்திக் காட்டினேன். எழுத்து பெரிதானது, இன்னும் பெரிதானது, மறுபடி சிறிதானது. மிஸ்ஸுக்கு முகமெல்லாம் சந்தோஷம். கண்ணே தெரியாதவர்களுக்கு எழுத்தைப் பெரிதாக்கிக் காட்டி அவரும் நானும் மகிழ்ந்துபோனோம். பக்கத்தின் அடியில் சக்கர நாற்காலிப் படம் ஒன்றைப் போட்டு, 'அனைவருக்கும் ஏற்ற தளம்' என்று எழுதினேன். நானே எழுதி நானே எனக்குக் கொடுத்துக்கொண்ட சான்றிதழ்.

மிஸ்ஸுக்கு ஒரே ஒரு குறைதான் பட்டது. விண்ணப்பத்தில் முகவரி எழுத இரண்டு கட்டங்கள் இருந்தன. தமிழில் 'முகவரி, வரி 1', 'முகவரி, வரி 2' என்று போட்டிருந்தேன். வரி என்றால் அரசாங்கத்துக்குக் கட்டுகிற வரி என்று நினைத்து மக்கள் பயந்துபோவார்கள் என்று மொழிபெயர்ப்பாளர் சொன்னாராம். "அப்போ லைன்னு போட்டுர்றேன் மிஸ், எல்லாருக்கும் வெளங்கும்," என்றேன். அரை நிமிட வேலை. 'லைன் 1', 'லைன் 2' என்று மாற்றிவிட்டேன்.

தோட்டத்தில் லைன் என்றால் வீடு. வெள்ளைக்காரன் வரிசையாகக் கட்டிவைத்த அறைகளை எழுத்தில் லயம் என்கிறோம், பேச்சில் பாதிப் பேர் லைன் என்றே சொல்கிறோம். ஆஸ்பத்திரியில் போய் நின்றாலும், பொலிஸில் போய் நின்றாலும், தோட்டத்து ஆளிடம் முதலில் கேட்பது 'எத்தனையாம் லைன்?' என்றுதான். அந்த அறைகளில் ஒன்றில் பிறந்து, பதினெட்டு வயது வரைக்கும் அதே கேள்விக்குப் பதில் சொல்லி வளர்ந்தவன் நான். டவுனுக்கு வந்த பிறகு யார் கேட்டாலும் "பதுளைதான்" என்று சொல்லிப் பழகிவிட்டதால், அந்தச் சொல்லின் அர்த்தமே எனக்கு மரத்துப்போயிருந்தது.

தளம் திறந்த முதல் வாரமே அக்கா போன் பண்ணினாள். நகரத்தில் ஓர் அலுவலகத்துக்குத் தொலைபேசி இயக்குநர் வேண்டுமாம், கண் தெரியாதவர்களுக்கென்றே ஒதுக்கிய இடமாம். அவள் குரல் அப்படித் துள்ளி நான் கேட்டதில்லை.

"தம்பி, இது எனக்குன்னே போட்ட மாதிரி இருக்குடா. வயசு கூட இன்னும் ஒரு வருஷந்தான் இருக்கு, முப்பத்தஞ்சு தாண்டினா எடுக்க மாட்டாங்களாம். ஞாயித்துக்கெழம வந்து ஒருக்கா நெரப்பிக் குடுத்துட்டுப் போறியா?"

"நீயே பண்ணலாம்க்கா. அதுக்குத்தானே அதச் செஞ்சிருக்கு," என்றேன். எனக்கு ஞாயிற்றுக்கிழமை கிரிக்கெட் பார்க்க வேண்டியிருந்தது.

"நீ செஞ்சதுதானே, சரியாத்தான் இருக்கும். நானே பண்ணிர்றேன்," என்றாள்.

விண்ணப்பங்களில் பிழை வந்தால், பிழை வந்த பகுதியில் இருந்தது மட்டும் எனக்கு மின்னஞ்சலாக வரும்படி செய்திருந்தேன். ஆளின் பெயர் வராது. பத்து நாள் கழித்து ஒரு மின்னஞ்சல் வந்தது. 'முகவரி, லைன் 1' என்ற கட்டத்தில் யாரோ இப்படி எழுதியிருந்தார்கள்:

'ஒன்றாம் லைனில் எங்களுக்கு யாரும் இல்லை. நாங்கள் ஐந்தாம் லைன்.'

லைன் 2 வெறுமையாக இருந்தது. அதை நிரப்பாவிட்டால் விண்ணப்பம் நகராது.

நான் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தேன். கூட்டாளியைக் கூப்பிட்டுக் காட்டினேன். அவன் நகரத்துப் பிள்ளை, அவனுக்கு முதலில் புரியவில்லை. நான்தான் விளக்கினேன். தோட்டத்து ஆட்களுக்கு லைனைத் தவிர வேறு உலகம் தெரியாது என்று வாய் கூசாமல் சொன்னேன். அதைப் படம் பிடித்து, கீழே 'தோட்டத்து மூளை' என்று எழுதி, என்னோடு படித்தவர்களின் வாட்ஸ்அப் குழுவில் போட்டேன். கண்ணில் நீர் வரச் சிரிக்கும் முகங்கள் நாற்பது ஐம்பது வந்து விழுந்தன. அவர்களில் பெரும்பாலானோர் லயத்தில் பிறந்தவர்கள். ஐந்தாம் லைன் என்று படித்தபோதுகூட எனக்கு ஒன்றும் உறைக்கவில்லை. எத்தனை தோட்டம், எத்தனை ஐந்தாம் லைன்!

விண்ணப்பத் தேதி முடிந்த மறுவாரம் அம்மாவுக்கு மருந்து கொடுக்கத் தோட்டத்துக்குப் போனேன். அக்கா கோழிக்கு அரிசி போட்டுக்கொண்டிருந்தாள்.

"அந்த வேலைக்கு ஃபோம் போட்டாச்சுடா. மூணு மணித்தியாலம் ஆச்சு. பொத்தான் பொத்தான்னே சொல்லிக்கிட்டிருந்துச்சு, எண்ணி எண்ணித்தான் புடிச்சேன். ஆனா ஏன்டா அதுல ஒன்னாம் லைன்ல யாரு இருக்கா, ரெண்டாம் லைன்ல யாரு இருக்கான்னு கேட்டு வச்சிருக்கீங்க? சொந்தக்காரங்க இருந்தா வேல குடுக்க மாட்டாங்களா? யாரும் இல்லன்னு உள்ளத உள்ளபடி எழுதிட்டேன். எழுதுனது சரிதானே?"

வாட்ஸ்அப்பில் நான் போட்ட ஐந்தாம் லைன் எங்களுடையதுதான்.

"அனுப்பின பெறகு போன் என்னக்கா சொல்லுச்சு?"

"ஒண்ணும் சொல்லல. தப்பா இருந்தா சொல்லியிருக்கும்தானே?"

தப்பாக இருந்தால் அந்தக் கட்டத்தைச் சுற்றி ஒரு சிவப்புக் கோடு வரும். அவ்வளவுதான் நான் வைத்திருந்தது. ஒரு வார்த்தை கிடையாது, ஒரு சத்தம் கிடையாது. கண் தெரியாதவளுக்கு அவள் செய்த பிழையைச் சிவப்பு நிறத்தில் காட்டியிருந்தேன். அவளுடைய விண்ணப்பம் எங்கும் போய்ச் சேரவில்லை. அவளுக்கு அது தெரியாது. "சரிதான்க்கா," என்றேன். அக்கா, "கடுதாசி வரும். வந்தா தோட்டத்து ஆபீஸ்ல இருந்து ஆள் விட்டுச் சொல்லுவாங்கதானே," என்று சொல்லி மிச்ச அரிசியையும் ஒரே வீச்சில் கொட்டினாள்.

அன்று பஸ்ஸில் இறங்கி வரும்போது என்னை நானே செருப்பால் அடித்துக்கொள்ள வேண்டும்போல இருந்தது. மறுநாள் காலையிலேயே மிஸ்ஸின் அலுவலகத்துக்குப் போனேன். விண்ணப்பத்தில் ஒரு குழப்பம் என்றேன். அவர் கெட்டவர் இல்லை. பொறுமையாகக் கேட்டார். "பிழை தளத்தில்தான் என்று நீங்கள் கையெழுத்துப் போட்டு ஒரு கடிதம் தாருங்கள். நான் பேசி, இரண்டு வாரம் மறுபடி திறக்க வைக்கிறேன்," என்று சிங்களத்தில் சொன்னார். இவ்வளவு சுலபமாக முடியும் என்று நான் எதிர்பார்க்கவில்லை.

எங்கள் இடத்துக்குத் திரும்பிக் கடிதம் எழுத உட்கார்ந்தேன். பெயர் வைக்காத பொத்தான்கள், சத்தமில்லாத சிவப்புக் கோடு, லைன் என்று நான் மாற்றிய சொல், எல்லாவற்றையும் எழுதினேன். கூட்டாளி படித்துப் பார்த்தான். "இதக் குடுத்தா இனி அந்தப் பக்கம் தலவச்சுப் படுக்க ஏலாது," என்றான். அவன் சொன்னதற்காக மாற்றினேன் என்று பழியை அவன்மேல் போடலாம், ஆனால் அவன் சொல்வதற்கு முன்பே என் கை அழிக்கத் தொடங்கியிருந்தது. அந்த அலுவலகத்தில் எனக்கு நல்ல பெயர் இருந்தது. அங்கே நான் லயத்துப் பையன் இல்லை, கணினி தெரிந்தவன், 'சேர்' என்று மரியாதையாகக் கூப்பிடுவார்கள். கடைசியில் கடிதத்தில் மிஞ்சியது ஒரே வாக்கியம்: 'சில விண்ணப்பதாரர்கள் அறிவுறுத்தல்களைச் சரிவர விளங்கிக்கொள்ளாமல் விண்ணப்பத்தை நிரப்பியுள்ளதால், மீண்டும் ஒரு வாய்ப்பு வழங்குவது பற்றிப் பரிசீலிக்கவும்.'

மிஸ் அதை இரண்டு முறை படித்தார். "இது அவர்களுடைய பிழை என்றல்லவா இருக்கிறது?" என்றார். நான் சுவரில் தொங்கிய கலண்டரைப் பார்த்துக்கொண்டிருந்தேன். "அப்படியென்றால் நான் ஒன்றும் செய்ய முடியாது," என்று கடிதத்தைக் கோப்பில் வைத்தார். நான் 'நன்றி மிஸ்' என்று சொல்லிவிட்டு வந்தேன். நன்றி வேறு சொல்லியிருக்கிறேன்.

இரண்டு மாதம் போனது. அக்கா ஒவ்வொரு வாரமும் கேட்டாள், நான் ஒவ்வொரு வாரமும் ஒரு பொய் சொன்னேன். நேர்முகத் தேர்வுக்குக் கேட்பார்கள் என்று நினைத்து, பிள்ளைக்காம்பராவில் தொட்டில் ஆட்டிக்கொண்டே, 'வணக்கம், யாரோடு பேச வேண்டும்?' என்று இரண்டு மொழியிலும் சொல்லிச் சொல்லிப் பழகிக்கொண்டிருந்தாளாம். அம்மா சொல்லிச் சிரித்தார். அந்த நேரத்தில் உண்மையைச் சொல்லியிருந்தால் அவள் வேறு எங்காவது விண்ணப்பித்திருப்பாள். சொல்லவில்லை.

பிறகு அலுவலகத்திலிருந்து முத்திரை குத்திய அறிவித்தல் ஒன்று வந்தது, தளத்தில் போடச் சொல்லி. அதைத் தமிழில் தட்டச்சு செய்யச் சோம்பலாக இருந்தது. வழக்கம்போல என் போனில் ஒரு படம் எடுத்து அப்படியே ஏற்றிவிட்டேன். வேலைக்குக் காத்திருக்கும் கண் தெரியாதவர்கள் தெரிந்துகொள்வதற்கென்று வந்த அறிவித்தல் அது.

அன்று பின்னேரம் அக்கா அழைத்தாள். பின்னால் குழந்தைகள் அழும் சத்தம் கேட்டது.

"தம்பி, உங்க தளத்துல புதுசா என்னமோ போட்டிருக்கு. போன் 'படம்'னு மட்டுந்தான் சொல்லுது. அதுல என்ன இருக்குன்னு படிச்சுச் சொல்லு."

படித்தேன்.

'பார்வை இழந்தோருக்கென ஒதுக்கப்பட்ட தொலைபேசி இயக்குநர் பதவிக்கு ஒருவரேனும் விண்ணப்பிக்காத காரணத்தினால், அப்பதவி பொது விண்ணப்பதாரர்களைக் கொண்டு நிரப்பப்படும்.'

ஒரு குழந்தையை அதட்டினாள். பிறகு கேட்டாள்:

"ஒருத்தருமே இல்லன்னா போட்டிருக்கு?"

"ஆமாக்கா."

"நான் போட்டேனேடா. நான் ஒருத்தி இருக்கேனே." அவள் குரலில் கோபம் இல்லை, அவசரம்தான் இருந்தது. "நீ வேகமாப் படிச்சிட்ட. இன்னொருக்கா நல்லாப் பாரு. எங்கயாச்சும் ஒரு ஓரத்துல சின்ன எழுத்துல போட்டிருப்பாங்க. பாரு தம்பி, நான் இருக்கேன்."

நான் திரையின் பக்கமே திரும்பவில்லை. ஒரு மனிதன் ஒரு பக்கத்தைப் பார்த்து முடிக்க எவ்வளவு நேரம் ஆகுமோ, அவ்வளவு நேரம் சும்மா இருந்துவிட்டு, "பாத்துட்டேன், இல்லக்கா," என்றேன்.