விளக்குக் கண்ணாடியில் ஒரு தழும்பு

போன வாரம் அடையாள அட்டையைப் புதுப்பிக்கப் போயிருந்தேன். கவுன்டரில் இருந்த பெண் என் கட்டைவிரலைக் கருவியில் நாலு தடவை அழுத்திப் பார்த்துவிட்டு, "அங்கிள், உங்களுக்கு ரேகையே இல்ல லா" என்று சிரித்தாள். கைரேகைக் குமாஸ்தாவாக வாழ்க்கையைத் தொடங்கியவனுக்கு நல்ல மரியாதைதான்.

அது ஜப்பான்காரன் காலம். மலாக்கா போலீஸ் நிலையத்தில் வெள்ளைக்காரனுக்கு சல்யூட் அடித்த அதே ஆட்கள், தொப்பி வில்லையை மட்டும் மாற்றிக்கொண்டு ஜப்பான்காரனுக்குக் குனிந்தோம். நான் நன்றாகவே குனிவேன். எங்கள் சார்ஜன்ட், துப்பறியும் புலி என்று தனக்குத்தானே பட்டம் கட்டிக்கொண்டவர். பலாப்பழம் அறுக்கும்போது கத்தி பட்டு, வலது கட்டைவிரலில் குறுக்கே ஒரு தழும்பு. அதை ரவுடியோடு போட்ட சண்டையில் வந்தது என்பார்.

தெங்கேராவில் ராணுவக் கிடங்கிலிருந்து ஓர் அரிசி மூட்டை காணாமல் போயிற்று. புலி போய், அங்கிருந்த விளக்குக் கண்ணாடியை வெறுங்கையால் தூக்கிவந்து என் மேசையில் வைத்தது. "திருடன் ரேகை இதுல இருக்கு, பாரு" என்று சொல்லிவிட்டுத் திருடனைப் பிடிக்கக் கிளம்பியது.

பிடித்தது மூக்கால். ஊரே மரவள்ளிக்கிழங்கைத் தின்ற நாளில், காஜா பேராங்கில், செட்டிகளின் குடியிருப்பான கம்போங் செட்டியில் ஒரு வீட்டில் சோறு வேகும் வாசனை வந்ததாம். அன்று போகி, செட்டி மக்கள் முன்னோருக்கு வாழையிலையில் சோறு படைக்கும் நாள். அதற்காகவே அந்த வீட்டுத் தச்சர் பழனி, பங்கீட்டு அரிசியில் தினம் ஒரு பிடி ஒதுக்கி வைத்திருந்தார். இலை போடுமுன்பே சார்ஜன்ட் அவரைச் சோற்றுப் பானையோடு இழுத்துவந்தார். மத்தியானத்துக்குள் அந்தச் சாட்சியத்தை அவரே தின்றும் முடித்தார்.

செட்டிகள் பல தலைமுறைக்கு முன்பே மலாக்காவில் குடியேறிய தமிழ் வம்சம்; வீட்டில் பேசுவது மலாய். விரல்களை நான் மையில் உருட்டும்போது பழனி, "இத்து நாசி டத்தோ-டத்தோ பூஞா" என்றார். முன்னோருடைய சோறு அது என்று சொன்னார்.

பூதக்கண்ணாடியில் பார்த்தேன். அவர் கட்டைவிரலில் பிசிறில்லாத சுழி. விளக்குக் கண்ணாடியில் இருந்ததோ, குறுக்கே தழும்பு ஓடிய ரேகை.

"சார், இது அவரோடது இல்ல. உங்க கட்டைவிரல் மாதிரி இருக்கு."

"பொருந்துதுன்னு எழுதுடா. இல்லன்னா ராணுவப் போலீஸ்கிட்ட அவனோட சேர்த்து உன்னையும் அனுப்பிடுவேன்."

எழுதினேன். கையெழுத்து அழகாக விழுந்தது. தூ!

அன்றே பழனியை லாரியில் ஏற்றினார்கள். அவர் திரும்பவில்லை. அடுத்த போகிக்கு அவர் மனைவி வேகவைத்த கிழங்கைப் படைத்தார். இலை ஒன்று கூடுதலாகப் போட்டாராம்.

வெள்ளைக்காரன் திரும்பி வந்ததும் சார்ஜன்ட் மறுபடி வில்லையை மாற்றிக்கொண்டு, பென்ஷன் வாங்கி, நிம்மதியாகச் செத்தார். கிடங்கு இல்லை, அந்தக் கண்ணாடி இல்லை, என் விரலில் ரேகையும் இல்லை. பழனியின் கட்டைவிரல் சுழியை மட்டும், தாளைக் கொடுத்தால் வரி பிசகாமல் இப்போதே வரைந்து கொடுப்பேன்.